மாயா மக்கள், நேற்றும் இன்றும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மாயா என்றவுடன் நம்மில் பலருக்கு நினைவில் வருவது காட்டுக்குள் நிற்கும் ஒரு பிரமிடு, அதன் மேல் படர்ந்த கொடிகள், கூடவே "மர்மமாக மறைந்துபோன நாகரிகம்" என்ற வாசகம். அந்த வாசகத்தைப் படித்துத்தான் நானும் வளர்ந்தேன். பிறகு தேடிப் படிக்கப் படிக்க, அது எவ்வளவு பெரிய பொய் என்று புரிந்தது. நண்பர்களும் வாசகர்களும் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்விகளை இங்கே சேர்த்து, என்னால் இயன்ற பதில்களை எழுதியிருக்கிறேன்.

மாயா மக்கள் அழிந்துபோய்விட்டார்கள் அல்லவா?

இல்லை. குவாத்தமாலா நாட்டில் 2018-இல் எடுக்கப்பட்ட மக்கள்தொகைக் கணக்கில் சுமார் 62 லட்சம் பேர் தங்களை மாயா என்று பதிந்தார்கள். நாட்டு மக்களில் அது 41.7 சதவீதம். எல்லைக்கு அப்பால் மெக்சிகோவின் யுகாத்தான் தீபகற்பத்திலும் சியாபாஸ் மலைகளிலும் லட்சக்கணக்கானோர் வாழ்கிறார்கள். பெலீஸ் நாட்டின் தெற்கிலும், ஹோண்டுராஸின் மேற்கு ஓரத்திலும் அவர்களின் கிராமங்கள் இருக்கின்றன.

"மறைந்தவர்கள்" என்று எழுதுவதை வெறும் அறியாமை என்று என்னால் விட்டுவிட முடியவில்லை. ஒரு மக்களை இறந்தகாலத்தில் எழுதிப் பழகிவிட்டால், அவர்களின் நிலத்துக்கு இன்று உரிமையாளர் எவரும் இல்லை என்று வாதிடுவது எளிதாகிவிடும். அந்த வாதத்தால் அவர்கள் இழந்தவை ஏராளம்.

அவர்களே தங்களை "மாயா" என்று சொல்லிக்கொள்கிறார்களா?

யுகாத்தானில் ஆம். அங்கே மொழிக்கும் அதே பெயர்தான். குவாத்தமாலா மலைநாட்டில் நிலைமை வேறு. அங்கே ஒருவர் முதலில் தன் ஊரைச் சொல்வார், பிறகு கிச்சே, மாம், கக்சிகேல், கெக்சி என்று தன் மக்கள்கூட்டத்தைச் சொல்வார். இவர்கள் அனைவரையும் தழுவும் பொதுப்பெயராக "மாயா" வேர்பிடித்தது 1980-களுக்குப் பின்தான். மொழியறிஞர்களும் ஆசிரியர்களும் விவசாய அமைப்புகளும் சேர்ந்து எழுப்பிய உரிமை இயக்கம் அந்தப் பெயரைத் தெரிந்தே தேர்ந்தெடுத்தது. வெளியார் இழிவாகச் சொன்ன "இந்தியோ" என்ற சொல்லுக்குப் பதிலாக அதைத் தூக்கிப் பிடித்தார்கள்.

பிறகு அந்தப் பெரிய நகரங்களை ஏன் கைவிட்டார்கள்?

கைவிட்டது உண்மை. ஆனால் எல்லா நகரங்களையும் அல்ல, ஒரே நாளிலும் அல்ல. கி.பி. 250 முதல் 900 வரையிலான காலத்தைச் செவ்வியல் காலம் என்கிறார்கள். திக்கால், கலக்முல், பலென்கே, கோபான் ஆகியவை தனித்தனி அரசுகள். ஒற்றைப் பேரரசு என்று ஒன்று இருந்ததே இல்லை. திக்காலும் கலக்முலும் தலைமுறை தலைமுறையாகப் போரிட்டன. எட்டாம் நூற்றாண்டின் இறுதியில் தென்பகுதி நகரங்கள் ஒவ்வொன்றாகத் தளர்ந்தன. ஓயாத போர், மக்கள்தொகைப் பெருக்கத்தால் களைத்த நிலம், அதன் மேல் அடுத்தடுத்து வந்த கடும் வறட்சிகள். குகைகளின் சுண்ணப்படிவுகளிலும் ஏரிகளின் அடிச்சேற்றிலும் அந்த வறட்சியின் தடயங்கள் பதிந்திருக்கின்றன. மழையை வரவழைக்கும் பொறுப்பு அரசனுடையது என்று நம்பிய குடிமக்கள், மழை பொய்த்தபோது அரசனை நம்புவதை நிறுத்தினார்கள். நெடுங்கணக்கு எனப்படும் மாயா நாட்காட்டியின் நீண்ட நாள்கணக்கில் தேதி பொறித்த கடைசிக் கல் தொனினா என்ற ஊரில் கிடைத்தது. அதன் ஆண்டு கி.பி. 909.

ஆனால் அதே காலத்தில் வடக்கே சிச்சென் இட்ஸா தழைத்தது. அதற்குப் பின் மாயபான் எழுந்தது. கிச்சே, கக்சிகேல் மக்கள் மலைகளில் வலிமையான அரசுகளை நிறுவினார்கள். 1524-இல் பெட்ரோ தெ அல்வராதோ தலைமையில் வந்த ஸ்பானியப் படை எதிர்கொண்டது அந்த அரசுகளைத்தான். பெத்தேன் இட்ஸா ஏரியின் நடுவில் தீவாக இருந்த நோஹ்பெத்தேன் நகரம் வீழ்ந்ததோ 1697 மார்ச்சில். கொலம்பஸ் வந்து 200 ஆண்டுகளுக்குப் பிறகும் சுதந்திரமான மாயா அரசு ஒன்று இருந்திருக்கிறது.

அவர்கள் நரபலி கொடுத்தவர்கள்தானே?

கொடுத்தார்கள். மறைக்க வேண்டியதில்லை. சிச்சென் இட்ஸாவின் புனிதக் கிணற்றுக்கு அருகே, நிலத்தடித் தொட்டி ஒன்றில் நூற்றுக்கும் மேற்பட்ட குழந்தைகளின் எலும்புகள் 1967-இல் கிடைத்தன. அவற்றில் 64 பேரின் மரபணுவை ஆராய்ந்த முடிவுகள் 2024-இல் வெளிவந்தன. அத்தனை பேரும் சிறுவர்கள். பலர் நெருங்கிய உறவினர்கள். இரண்டு சோடி இரட்டையரும் அதில் இருந்தார்கள். இரட்டையரான வீர நாயகர்களைப் போற்றும் அவர்களின் தொன்மக்கதையோடு இது பொருந்திப்போகிறது.

செய்தித்தாள்கள் பலியோடு நிறுத்திக்கொண்டன. அதே ஆய்வில் எனக்கு முக்கியமாகப்பட்டது வேறொன்று. ஆய்வாளர்கள் அந்த மரபணுவை, இன்று திஷ்கக்கல்துயூப் என்ற யுகாத்தான் கிராமத்தில் வாழ்பவர்களின் மரபணுவோடு ஒப்பிட்டார்கள். தொடர்ச்சி தெளிவாகத் தெரிந்தது. ஐரோப்பியர் கொண்டுவந்த கொள்ளைநோய்களைத் தாக்குப்பிடித்த தலைமுறைகளின் சுவடும் இன்றைய மக்களின் நோயெதிர்ப்பு மரபணுக்களில் தென்பட்டது. ஆய்வாளர்கள் முடிவுகளை அந்த ஊர் மக்களிடமும் கொண்டுசென்று விளக்கினார்கள்.

மாயா மொழி என்று ஒன்று இருக்கிறதா?

ஒன்றல்ல, ஏறக்குறைய முப்பது. குவாத்தமாலா அரசு மட்டும் 22 மாயா மொழிகளை ஏற்றிருக்கிறது. கிச்சே பேசுபவரும் யுகாத்தான் மாயா பேசுபவரும் சந்தித்தால் ஒருவர் பேசுவது மற்றவருக்கு விளங்காது. மெக்சிகோவின் 2020 கணக்குப்படி யுகாத்தான் மாயாவை சுமார் 7.7 லட்சம் பேரும், செல்த்தாலை 5.9 லட்சம் பேரும், சோட்சிலை 5.5 லட்சம் பேரும் பேசுகிறார்கள். மறுபக்கம், சிக்கோமுசெல்தேக் என்ற மொழி இருபதாம் நூற்றாண்டிலேயே இறந்துவிட்டது. இட்ஸா மொழியை அறிந்த முதியவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம்.

இந்த மொழிகளின் நலம் விசாரிப்புகள் எனக்குப் பிடித்தவை. யுகாத்தானில் ஒருவரைப் பார்த்தால் "பிஷ் ஆ பெயல்?" என்பார்கள். "உன் வழி எப்படி இருக்கிறது?" என்று பொருள். கெக்சி மக்களோ, உன் நெஞ்சு நன்றாக இருக்கிறதா என்று கேட்பார்கள்.

அவர்களின் எழுத்தை யாரும் படிக்க முடியாது என்கிறார்களே?

அது பழைய செய்தி. இன்று கல்வெட்டுகளில் பெரும்பகுதியைப் படித்துவிட முடிகிறது. அந்த எழுத்து எப்படித் தொலைந்தது, எப்படித் திரும்பக் கிடைத்தது என்ற கதையைக் கொஞ்சம் நிதானமாகவே சொல்ல விரும்புகிறேன்.

1562 ஜூலையில், யுகாத்தானின் மாணி என்ற ஊரில், பிரான்சிஸ்கன் துறவி தியேகோ தெ லாந்தா மாயாக்களின் மரப்பட்டை நூல்களைக் குவித்துத் தீயிட்டார். அவற்றில் பிசாசின் பொய்கள் மட்டுமே இருந்ததாகவும், எரித்தபோது மக்கள் வியக்கத்தக்க அளவுக்குத் துயருற்றதாகவும் அவரே பின்னர் எழுதினார். பழைய நூல்களில் இன்று உலகில் எஞ்சியவை நான்கு. மூன்று டிரெஸ்டன், மாட்ரிட், பாரிஸ் நகரங்களில் இருக்கின்றன. நான்காவது மெக்சிகோவில் இருக்கிறது. போலி என்று நெடுங்காலம் ஐயப்பட்டு, 2018-இல் மெய்யானது என்று அது உறுதிசெய்யப்பட்டது.

அதே லாந்தா தன் குறிப்பேட்டில் மாயாவின் "அகரவரிசை" என்று சில குறிகளையும் எழுதிவைத்திருந்தார். "பே" என்று ஸ்பானிய எழுத்தின் பெயரை அவர் சொல்ல, அருகிலிருந்த மாயா எழுத்தர் "பே" என்ற ஓசைக்கு உரிய குறியை எழுதித் தந்தார். லாந்தா கேட்டது மெய்யெழுத்தை, எழுத்தர் தந்தது உயிர்மெய்யை. தமிழ் படிப்பவர்களுக்கு இந்தக் குழப்பம் உடனே புரியும். ஐரோப்பியர்களுக்குப் புரிய நானூறு ஆண்டுகள் ஆயின. ஏதேனும் ஒரு வாக்கியம் எழுதச் சொல்லிக் கேட்டபோது அந்த எழுத்தர் "மா இன் காத்தி" என்று எழுதினாராம். "எனக்கு விருப்பமில்லை" என்று பொருள். அந்தக் குறிகள் இன்றும் அந்தப் பக்கத்தில் இருக்கின்றன.

1952-இல் லெனின்கிராடில் இருந்த யூரி க்னோரோசோவ், மாயா மண்ணை மிதிக்காமலேயே, இந்தக் குறிகள் உயிர்மெய் ஓசைகள் என்று காட்டினார். டிரெஸ்டன் நூலில் வான்கோழிப் படத்தின் மேல் "கு-ட்ஸு", நாயின் படத்தின் மேல் "ட்ஸு-லு". யுகாத்தான் மொழியில் வான்கோழி "குட்ஸ்", நாய் "ட்ஸுல்". பனிப்போர்க் காலம் என்பதால் மேற்குலகம் பல ஆண்டுகள் அவரை ஏளனம் செய்தது. 1960-இல் ததியானா புரோஸ்கூரியகோவ், பியெத்ராஸ் நெக்ராஸ் கல்வெட்டுகளில் இருப்பவை அரசர்களின் பிறப்பும் முடிசூட்டலும் இறப்பும் என்று நிறுவினார். நட்சத்திரங்களைப் பார்த்தபடி காலம் கழித்த சாதுக்கள் என்று கருதப்பட்டவர்களுக்கு அதோடு வரலாறு கிடைத்தது.

இன்றைய மாயா மொழிகளின் துணை இல்லாமல் இந்தப் படிப்பு ஓர் அடிகூட நகர்ந்திருக்காது. குறியீட்டின் ஓசை தெரிந்தாலும் சொல்லின் பொருளைத் தருவது உயிரோடிருக்கும் மொழி. 1980-களின் இறுதியிலிருந்து மாயா ஆசிரியர்களே இந்த எழுத்தைக் கற்று, தங்கள் ஊர்ப் பிள்ளைகளுக்குக் கற்பிக்கிறார்கள்.

போபோல் வூ என்பது என்ன?

கிச்சே மக்களின் தோற்றக்கதையும் அரசகுல வரலாறும் அடங்கிய நூல். படையெடுப்புக்குப் பிறகு, 1550-களில், கிச்சே அறிஞர்கள் தங்கள் மொழியை லத்தீன் எழுத்தில் வைத்து எழுதினார்கள். தங்கள் பெயரை வெளியிடவில்லை. பாதிரியார் பிரான்சிஸ்கோ ஹிமேனஸ் 1700-களின் தொடக்கத்தில் சிச்சிகாஸ்தெனாங்கோவில் அதைப் படியெடுத்தார். அந்தப் படிதான் இன்று சிகாகோவின் நியூபெரி நூலகத்தில் இருக்கிறது. கிச்சே மக்களின் இதயம் என்று சொல்லத்தக்க ஒரு நூலைப் பார்க்க அவர்கள் வேறு நாட்டுக்கு விசா வாங்க வேண்டும். அதை நினைத்தால் எனக்கு மனம் கனக்கிறது.

கதையில் தெய்வங்கள் மனிதனை முதலில் சேற்றில் செய்கிறார்கள், கரைந்துவிடுகிறான். மரத்தில் செய்கிறார்கள், நெஞ்சில்லாதவனாக இருக்கிறான். அந்த மரமனிதர்களை அவர்களின் சொந்தச் சட்டிபானைகளும் அரைகல்லும் நாய்களுமே எதிர்த்து எழுந்து அடிக்கின்றன. கடைசியில் பாட்டி ஷ்முகானே மஞ்சளும் வெள்ளையுமான மக்காச்சோளத்தை ஒன்பது முறை அரைத்து எடுத்த மாவிலிருந்து உண்மையான மனிதர்கள் உருவாகிறார்கள்.

2012-இல் உலகம் அழியும் என்று மாயா நாட்காட்டி சொன்னதே?

சொல்லவில்லை. அவர்களின் நெடுங்கணக்கு கி.மு. 3114 ஆகஸ்டு 11-இல் தொடங்குகிறது. 1,44,000 நாள்கள் கொண்டது ஒரு பாக்துன். 2012 டிசம்பர் 21 அன்று 13 பாக்துன்கள் நிறைந்தன. ஒரு சுற்று முடிந்து மறு சுற்று தொடங்குவது, அவ்வளவுதான். பலென்கேயின் கல்வெட்டு ஒன்று கி.பி. 4772-ஆம் ஆண்டைக் குறிப்பிட்டே பேசுகிறது. அதற்கு முன் உலகம் முடியும் என்று நினைத்தவர்கள் அப்படி எழுதியிருக்க மாட்டார்கள். அந்த ஆண்டு உலகம் முழுவதும் டிக்கெட் விற்றுப் பணம் பார்த்தவர்களில் மாயா கிராமத்தார் மிகக் குறைவு.

நாட்காட்டியைப் பற்றி உண்மையிலேயே வியக்க வேண்டியது இன்னொன்று இருக்கிறது. 20 நாள்பெயர்களும் 1 முதல் 13 வரையிலான எண்களும் இரு சக்கரங்கள்போல் சேர்ந்து சுழலும் 260 நாள் கணக்கு ஒன்று உண்டு. கிச்சே மொழியில் அதன் பெயர் சோல்கீஹ். குவாத்தமாலாவின் சான் பார்த்தோலோவில் கிடைத்த சுவரோவியத் துண்டு ஒன்றில் "7 மான்" என்ற நாள் எழுதப்பட்டிருக்கிறது. அதன் காலம் கி.மு. 300-க்கும் 200-க்கும் இடையில். இன்றைக்கு மொமொஸ்தெனாங்கோ என்ற கிச்சே மலையூரில் ஓர் "அஹ்கீஹ்" முன் போய் உட்கார்ந்தால், "7 கேஹ்" எப்போது வரும் என்று அவர் கணக்கிட்டுச் சொல்வார். கேஹ் என்றால் மான்.

அஹ்கீஹ் என்பவர் நாள்களைக் காப்பவர். ஆணும் உண்டு, பெண்ணும் உண்டு. குழந்தை பிறந்த நாளுக்குரிய குணம் எது, விதைக்க எது நல்ல நாள், சண்டை தீர்க்க எது ஏற்ற நாள் என்று பார்த்துச் சொல்வார். சிவப்பு விதைகளை மேசையில் பரப்பி எண்ணுவார். 260 நாள்களுக்கு ஒருமுறை வரும் "8 பாட்ஸ்" நாளில் புதிய நாள்காப்பாளர்கள் பொறுப்பேற்கிறார்கள். பாட்ஸ் என்றால் குரங்கு. ஏன் 260 என்று கேட்டால், தாயின் வயிற்றில் பிள்ளை இருக்கும் காலம் ஏறக்குறைய அதுதானே என்பது மலைநாட்டில் பலரும் சொல்லும் பதில். ஸ்பானிய ஆட்சி இந்தக் கணக்கைத் தடைசெய்தது. மலையூர்களில் அது ஒரு நாள்கூடப் பிசகாமல் ஓடிக்கொண்டிருந்தது.

சாப்பாட்டில் பழமை ஏதாவது மிஞ்சியிருக்கிறதா?

சமையலறையில்தான் மிக அதிகமாக மிஞ்சியிருக்கிறது. மக்காச்சோளத்தை முதலில் பயிராக்கியது மெக்சிகோவின் தென்மேற்கில், சுமார் 9,000 ஆண்டுகளுக்கு முன்பு. மாயா மக்கள் அதைத் தங்கள் உடம்பாகவே நினைத்தார்கள். கிச்சே மொழியில் அதன் பெயர் "இஷிம்", யுகாத்தானில் "இஷிஇம்".

ஒரு வீட்டின் காலையைச் சொல்கிறேன். முந்தைய இரவே சோளத்தைச் சுண்ணாம்பு நீரில் வேகவைத்து ஊறவிடுவார்கள். காலையில் தோல் உரியக் கழுவி, அம்மி போன்ற கல்லில் அரைப்பார்கள், அல்லது வாளியில் தூக்கிக்கொண்டு ஊர் அரவை ஆலைக்குப் போவார்கள். மாவைக் கையால் தட்டி மண் ஓட்டில் சுட்டு எடுத்தால் தோர்த்தியா. சுண்ணாம்பு சேர்ப்பது சுவைக்காக மட்டுமல்ல. மக்காச்சோளத்தில் கட்டுண்டிருக்கும் நயாசின் சத்தை அது உடம்புக்குக் கிடைக்கும்படி விடுவிக்கிறது, கால்சியத்தையும் கூட்டுகிறது. இந்தச் செய்முறையை விட்டுவிட்டுச் சோளத்தை மட்டும் எடுத்துப்போன வடஇத்தாலியிலும் அமெரிக்காவின் தென்மாநிலங்களிலும் ஏழைகள் பெல்லாக்ரா என்ற சத்துக்குறைபாட்டு நோய் வந்து ஆயிரக்கணக்கில் செத்தார்கள். மாயா பாட்டிகளின் அறிவியல் அவர்களோடு கப்பலேறவில்லை.

அடுப்பு மூன்று கல் வைத்த அடுப்பு. உலகம் படைக்கப்பட்டபோது தெய்வங்கள் மூன்று கற்களை வைத்தார்கள் என்கின்றன பழைய கல்வெட்டுகள். கிச்சே மக்கள் இன்றும் ஓரியன் கூட்டத்தின் மூன்று விண்மீன்களை அடுப்புக் கற்கள் என்று காட்டுவார்கள்.

வயலுக்கு "மில்பா" என்று பெயர். சோளத்தண்டில் அவரைக்கொடி ஏறும், தரையில் பூசணி படரும். அவரை மண்ணுக்கு நைட்ரஜன் தரும், பூசணி இலை ஈரத்தைக் காக்கும். 2014-இல் குவாத்தமாலா நாடாளுமன்றம் புதிய பயிர் ரகங்களுக்குக் காப்புரிமை அளிக்கும் சட்டம் ஒன்றைக் கொண்டுவந்தது. தாங்கள் எடுத்துவைக்கும் விதைக்கே வழக்கு வரும் என்று அஞ்சிய விவசாயிகள் தெருவுக்கு வந்தார்கள். அதே ஆண்டு செப்டம்பரில் அந்தச் சட்டம் நீக்கப்பட்டது.

பெண்களின் அந்த வண்ண உடை வெறும் திருவிழா உடையா?

அன்றாட உடை. மேலே அணிவது உயிபில், கீழே சுற்றுவது கோர்த்தே. தறியின் ஒரு முனையை மரத்தில் கட்டி, மறுமுனையைப் பட்டையாக இடுப்பில் கட்டி, உடலைப் பின்னால் சாய்த்து பாவு நூலை இழுத்துப் பிடித்தபடி நெய்வார்கள். நெய்பவளின் முதுகே தறியின் ஒரு பாகம். பூவேலை எல்லாம் ஊடையோடு கூடுதல் நூல் கோத்து விரலாலேயே எடுப்பது. நல்ல உயிபில் ஒன்றை முடிக்க மாதங்கள் பிடிக்கும். ஊருக்கு ஊர் கோலம் வேறு. சாந்தியாகோ அத்தித்லானின் பறவைகள், சான் அந்தோனியோ அகுவாஸ் காலியெந்தெஸ் நெசவின் நுணுக்கம் என்று அறிந்தவர்கள் துணியைப் பார்த்தே ஊரைச் சொல்லிவிடுவார்கள்.

குவாத்தமாலாவின் உள்நாட்டுப் போர்க் காலத்தில் அதுவே ஆபத்தானது. எந்த ஊர்க்காரி என்று படைவீரனுக்குத் தெரிந்துவிடும் என்பதால் பல பெண்கள் உயிபிலைக் கழற்றி ஒளித்துவைத்தார்கள். இன்றைக்குச் சிக்கல் வேறு வடிவில் வருகிறது. கோலங்களைப் படமெடுத்து இயந்திரத்தில் அச்சடித்து மலிவாக விற்கிறார்கள். அஃபேதெஸ் என்ற கக்சிகேல் பெண்கள் அமைப்பு இதை எதிர்த்து வழக்குத் தொடுத்தது. 2017-இல் அரசியல் சாசன நீதிமன்றம், இந்த நெசவுகளின் அறிவுச்சொத்து உரிமையைக் காக்கச் சட்டம் இயற்றும்படி நாடாளுமன்றத்தைக் கேட்டுக்கொண்டது. அந்தப் பெண்கள் கோருவது, கோலம் ஊரின் பொதுச் சொத்தாக இருக்க வேண்டும் என்பது. தனியொருவர் பெயரில் காப்புரிமை தரும் சட்டங்களுக்குள் அது எளிதில் அடங்காது.

அவர்கள் கிறித்தவர்களா, பழைய சமயத்தினரா?

இரண்டும் கலந்தவர்கள் நிறையப் பேர். சியாபாஸின் சான் ஹுவான் சமுலா தேவாலயத்தில் இருக்கைகள் கிடையாது. தரையெங்கும் பைன் இலைகள், நூற்றுக்கணக்கான மெழுகுவத்திகள். சிச்சிகாஸ்தெனாங்கோவின் சாந்தோ தொமாஸ் தேவாலயப் படிகளில் நம் சாம்பிராணி போன்ற கோபல் பிசினின் புகை எழுந்துகொண்டே இருக்கும். சாந்தியாகோ அத்தித்லானில் ரிலாஹ் மாம் என்ற மரத்தெய்வத்துக்குச் சுருட்டும் சாராயமும் படைப்பார்கள். ஆண்டுதோறும் அவர் தங்கும் வீடு மாறும். நவம்பர் 1 அன்று சும்பாங்கோவிலும் சாந்தியாகோ சக்காதெபெக்கெஸிலும் இறந்தோரை நினைத்து வண்ணத்தாளால் செய்த பிரமாண்டமான பட்டங்களை நிறுத்துவார்கள். 2024-இல் அந்தக் கலை யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. ரபினால் ஊரின் "ரபினால் அச்சி" நாடகமோ ஸ்பானியருக்கு முந்தைய அரசவைக் கதை. ஒவ்வொரு சனவரியிலும் முகமூடியோடு அதை ஆடுகிறார்கள்.

எல்லாம் இணக்கமாக நடக்கிறது என்று சொல்ல முடியாது. 2020 ஜூனில் பெத்தேன் மாகாணத்தில், மூலிகை மருத்துவத்தில் பல்கலைக்கழக ஆய்வாளர்களோடு பணியாற்றிய கெக்சி வைத்தியர் தொமிங்கோ சோக்கைச் சூனியக்காரர் என்று குற்றம்சாட்டி ஒரு கும்பல் உயிரோடு கொளுத்தியது. லாந்தாவின் தீ இன்னும் முழுதாக அணையவில்லை.

குவாத்தமாலா போரில் நடந்தது என்ன?

1960 முதல் 1996 வரை நீடித்த உள்நாட்டுப் போரில் 2 லட்சம் பேர் கொல்லப்பட்டார்கள் அல்லது காணாமல் ஆக்கப்பட்டார்கள். ஐ.நா. ஆதரவோடு அமைந்த உண்மையறியும் ஆணையம் 1999-இல் அறிக்கை தந்தது. அடையாளம் காணப்பட்ட பலியானோரில் 83 சதவீதம் மாயாக்கள். அத்துமீறல்களில் 93 சதவீதத்துக்கு அரசப் படைகளும் அவற்றின் துணைப்படைகளும் பொறுப்பு. 626 படுகொலைகளை அது பதிவு செய்தது. 1981-83 காலத்தில் நான்கு வட்டாரங்களில் நடந்தது இனப்படுகொலை என்றே எழுதியது. பயிரை எரித்தார்கள், கிணற்றை மூடினார்கள், அரைக்கும் கல்லை உடைத்தார்கள். ஒரு மக்களின் வாழ்முறையே குறிவைக்கப்பட்டது.

இஷில் மக்களில் 1,771 பேரின் கொலைக்காக, முன்னாள் ராணுவ ஆட்சியாளர் ரியோஸ் மோன்த்துக்கு 2013 மே 10 அன்று 80 ஆண்டுச் சிறைத் தண்டனை விதிக்கப்பட்டது. தன் நாட்டு நீதிமன்றத்தாலேயே இனப்படுகொலைக் குற்றவாளி என்று ஒரு முன்னாள் ஆட்சியாளர் தீர்ப்பளிக்கப்பட்டார். பத்தே நாளில் அரசியல் சாசன நீதிமன்றம் அதை ரத்து செய்தது. மறுவிசாரணை முடியும் முன்பே 2018-இல் அவர் இறந்தார். ஆனால் இஷில் பெண்கள் சாட்சிக்கூண்டில் தங்கள் மொழியில் சொன்னவை பதிவாகிவிட்டன. அவற்றை ரத்து செய்ய முடியாது. 2016-இல் செபூர் சார்கோ வழக்கில், படைமுகாமில் பாலியல் அடிமைகளாக வைக்கப்பட்ட கெக்சி மூதாட்டிகள் முகத்தை மேலாடையால் மறைத்தபடி மன்றத்தில் அமர்ந்திருந்தார்கள். முன்னாள் படையினர் இருவருக்கு நீண்டகாலச் சிறை கிடைத்தது.

எலும்புகளைத் தோண்டியெடுத்து மரபணுச் சோதனையால் பெயர் கண்டுபிடிக்கும் பணியைத் தடயவியல் மானிடவியல் அறக்கட்டளை செய்துவருகிறது. நாற்பது ஆண்டுகளுக்குப் பின் தகப்பனின் எலும்பைச் சிறு பெட்டியில் வாங்கிப்போய்ப் புதைக்கும் பிள்ளைகளின் படங்களைப் பார்த்திருக்கிறேன். பெட்டிக்குள் புதிய உடையை மடித்துவைக்கிறார்கள்.

இன்றைக்கு அவர்கள் எதற்காகப் போராடுகிறார்கள்?

பெரும்பாலும் நிலத்துக்காகவும் காட்டுக்காகவும். சியாபாஸில் 1994 சனவரி 1 அன்று ஆயுதமேந்தி எழுந்த சபாத்திஸ்தாக்களில் பெரும்பான்மையோர் சோட்சில், செல்த்தால், சோல், தொஹொலபால் மக்கள். பெலீஸின் தொலேதோ மாவட்டத்தில் 38 மாயா கிராமங்கள் நடத்திய நெடிய வழக்கில், மரபுவழி நிலவுரிமை செல்லும் என்பதை 2015-இல் கரீபியன் நீதிமன்றம் உறுதிசெய்தது.

எனக்கு மிகவும் பிடித்த கதை தேனீக்களுடையது. யுகாத்தான் மாயாக்கள் கொடுக்கில்லாத மெலிபோனா தேனீயை உள்ளீடற்ற மரத்துண்டுகளில் வளர்க்கிறார்கள். மாட்ரிட் நூலிலேயே அதற்குத் தனிப் பக்கங்கள் உண்டு. காம்பெச்சே மாநிலத்தின் ஓபெல்சென் பகுதியில் மரபணு மாற்றப்பட்ட சோயா வயல்கள் காட்டை விழுங்கத் தொடங்கியபோது, லெய்தி பெச் என்ற மாயா தேனீவளர்ப்பாளரும் அவருடைய தோழர்களும் நீதிமன்றம் போனார்கள். விதைப்புக்கு அனுமதி தரும் முன் மாயா மக்களைக் கலந்தாலோசித்திருக்க வேண்டும் என்று 2015-இல் மெக்சிகோ உச்ச நீதிமன்றம் சொன்னது. 2017-இல் அந்தச் சோயா விதை நிறுவனமான மான்சாண்டோவின் அனுமதி ரத்தானது. 2020-இல் லெய்தி பெச்சுக்கு கோல்ட்மேன் சுற்றுச்சூழல் விருது கிடைத்தது.

2023-இல் குவாத்தமாலாவில் பெர்னார்தோ அரேவாலோ தேர்தலில் வென்றபின், அந்த வெற்றியைச் செல்லாததாக்க அரசு வழக்கறிஞர் அலுவலகம் முயன்றது. தோத்தோநிகபானின் 48 கந்தோன்கள் என்ற கிச்சே ஊர்மன்றமும் மற்ற மரபு அதிகாரிகளும் தலைநகருக்கு வந்து, அந்த அலுவலகத்தின் முன்னால் 106 நாள்கள் இரவும் பகலும் அமர்ந்தார்கள். ஊர்த் தலைவர்கள் ஏந்தும் அந்தக் கைக்கோல்களை நாடே பார்த்தது. அரேவாலோ 2024 சனவரியில் பதவியேற்றார்.

மாயா ரயில் அவர்களுக்கு நன்மைதானே?

கருத்துகள் பிளந்திருக்கின்றன. யுகாத்தான் தீபகற்பத்தைச் சுற்றி 1,500 கிலோமீட்டருக்கு மேல் ஓடும் இந்தப் பாதையின் முதல் பகுதி 2023 டிசம்பரில் திறக்கப்பட்டது. வேலைவாய்ப்பை எதிர்பார்த்து வரவேற்றவர்களும் உண்டு. காடு வெட்டப்பட்டதையும், செனோட்டே எனப்படும் சுண்ணப்பாறை நீர்க்குகைகளின் மேல் எஃகுத் தூண்கள் இறக்கப்பட்டதையும் எதிர்ப்பவர்களும் உண்டு. அந்தத் தீபகற்பத்தில் ஆறுகள் அரிது. நிலத்தடி நீரே உயிர். நான் எதிர்ப்பவர்கள் பக்கம்.

நம் மயனுக்கும் மாயாக்களுக்கும் தொடர்பு உண்டா?

இல்லை. நம் காப்பியங்களில் வரும் அசுரத் தச்சன் மயனின் பெயரும் இந்த மக்களின் பெயரும் ஒலியில் மட்டுமே நெருக்கம். மொழியியலிலோ மரபணுவிலோ ஆதாரம் கிடையாது. பிரமிடு கட்டத் தெரிந்தவர்கள் வெளியிலிருந்துதான் வந்திருக்க வேண்டும் என்ற எண்ணமே அந்த மக்களின் உழைப்பைப் பறிப்பதாகும். வேற்றுக்கிரகத்தாருக்குக் கொடுத்தாலும் நமக்குக் கொடுத்தாலும் பறிப்பு பறிப்புதான்.

உண்மையான உறவு ஒன்று வேண்டுமென்றால் பழக்கடைக்குப் போங்கள். சப்போட்டாவின் தாயகம் மெக்சிகோவும் மாயா காடுகளும்தான். திக்கால் கோயில்களின் வாசல்மேல் விட்டங்களை அந்த மரத்தில்தான் செதுக்கினார்கள். ஆயிரம் ஆண்டு மழைக்காடு கடந்தும் அவற்றில் சில உளுக்கவில்லை. இன்றைய சூயிங்கத்தின் தொடக்கமும் அதே மரத்தின் பாலிலிருந்துதான்.

இந்த மொழிகள் அடுத்த தலைமுறைக்குப் போய்ச் சேருமா?

சில சேரும், சில தடுமாறும். குவாத்தமாலாவில் 1990-இல் மாயா மொழிகள் கழகம் சட்டப்படி அமைந்தது. 2003-இல் தேசிய மொழிகள் சட்டம் வந்தது. சட்டம் இருந்தும் மருத்துவமனையிலும் நீதிமன்றத்திலும் மொழிபெயர்ப்பாளர் இல்லாமல் தவிப்பவர்கள் ஏராளம். பிள்ளை கேலிக்கு ஆளாகக்கூடாது என்று வீட்டிலேயே ஸ்பானியத்துக்கு மாறிவிடும் பெற்றோரைக் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை. அவர்கள் பட்டது அப்படி.

மொமொஸ்தெனாங்கோவில் பிறந்த கிச்சே கவிஞர் உம்பெர்த்தோ அக்கபால், நாட்டின் உயரிய இலக்கியப் பரிசு 2004-இல் தனக்கு அறிவிக்கப்பட்டபோது அதை வாங்க மறுத்தார். அந்தப் பரிசு மிகேல் ஆங்கெல் அஸ்துரியாஸ் பெயரில் இருந்தது. அவர் இளமையில், 1923-இல், பூர்வகுடிகளை இழிவுபடுத்தி ஆய்வேடு எழுதியவர். நோபல் பரிசு பெற்ற எழுத்தாளரின் பெயரானாலும் அதைத் தாங்கிய பரிசைத் தன்னால் ஏற்க முடியாது என்ற அந்த முடிவுக்குப் பின்னால், கிச்சேயில் எழுதுவதற்கு எவரின் அங்கீகாரமும் தேவையில்லை என்ற உறுதி இருந்தது.

இப்போது யுகாத்தானில் இளைஞர்கள் மாயா மொழியில் ராப் பாடுகிறார்கள். கலிபோர்னியாவின் ஓக்லாந்து நகரில் மாம் பேசுபவர்கள் ஆயிரக்கணக்கில் குடியேறியிருக்கிறார்கள். அமெரிக்கக் குடியேற்ற நீதிமன்றங்களில் அதிகம் தேவைப்படும் மொழிகளின் வரிசையில் மாம், கிச்சே, கன்ஹோபால் ஆகியவை இடம்பெறுகின்றன. தோண்டியெடுத்த ஊர்களில் தேடப்பட்ட மக்களின் மொழிக்கு இன்று நீதிபதிகள் மொழிபெயர்ப்பாளர்களைத் தேடிக்கொண்டிருக்கிறார்கள்.